ஒரு சொட்டு ப்ளீச்

சகலை ஒரு புதிய இனத்தைக் கண்டுபிடித்துவிட்டார் என்ற செய்தி வந்து சேர்ந்தபோது லென்ஸ் தன் ஸ்கூட்டரை ஸ்டாண்டில் ஏற்றிக்கொண்டிருந்தார். செய்தியைக் கொண்டுவந்தவர் வாயிற்காவலர்.

"உங்க வண்டிக்குப் பின்னால இருக்கே, இந்த மரத்துலதான் சார்! நேத்து சாயங்காலம் ஸ்கேல் வச்சு அளந்து, போட்டோ புடிச்சு, ஒரே அமர்க்களம். உலகத்துலயே வேற எங்கயும் கிடையாதாமே?"

லென்ஸ் திரும்பி மரத்தைப் பார்த்தார். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து அவர் வண்டி அந்த மரத்தடியில்தான் நின்றிருக்கிறது. ஹெல்மெட்டை மாட்டுவதற்கென்று அதில் ஓர் ஆணி அடித்தவரும் அவர்தான். அந்த ஆணிக்கு ஒரு சாண் மேலே, மரப்பட்டையில், உள்ளங்கை அகலத்துக்குச் சாம்பல் பச்சையாக ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தது. அதைச் சுற்றிச் சகலை சாக்பீஸால் ஒரு வட்டம் போட்டிருந்தார், விபத்து நடந்த இடத்தில் போலீஸ்காரர்கள் போடுவதைப் போல.

விபத்துதான். அடிபட்டவர் பக்கத்தில் ஹெல்மெட்டோடு நின்றுகொண்டிருந்தார்.

லென்ஸ் என்பது பெற்றோர் வைத்த பெயர் இல்லை, அலுவலகம் வைத்தது. அவர் கழுத்தில் கறுப்புக் கயிற்றில் மடக்குப் பூதக்கண்ணாடி ஒன்று எப்போதும் தொங்கும். சாப்பாட்டு மேசையிலும் அதைக் கழற்றமாட்டார். தட்டில் இருப்பதை அதன் வழியாகப் பார்த்துவிட்டாரென்றால் அன்று முழுக்க மனைவி அவரோடு பேசமாட்டார். உத்தியோகம், தாவரக் காப்பகத்தின் காப்பாளர். உலர்ந்த செடிகளைக் காகித உறைகளில் மடித்து அடுக்கிய அலமாரிகளுக்கு நடுவே அவர் வாழ்க்கை கழிந்தது. சட்டையில் ஏறிய அந்துருண்டை வாசனை எத்தனை துவைத்தாலும் போகாது. கொசுக்கள்கூட அவரைப் பெட்டியில் மடித்து வைத்த பழைய துணி என்று எண்ணி விலகிப் போகும்.

அவருடைய துறை லைக்கன். மரப்பட்டையிலும் பாறையிலும் பழைய மதில்களிலும் சாம்பலாகப் படர்ந்திருக்குமே, சுண்ணாம்புக் கறை என்று நினைத்துக்கொண்டு எல்லோரும் கடந்து போய்விடுவார்களே, அது. சரியாகச் சொன்னால் அது ஓர் உயிர் இல்லை, ஒரு குடித்தனம். பூஞ்சை ஒன்று சுவர் எழுப்பிக் கூரை போடும். பாசி உள்ளே உட்கார்ந்து வெயிலை வைத்துச் சமைத்துப் போடும். இரண்டும் சேர்ந்தால்தான் லைக்கன். ஆனால் விஞ்ஞானிகள் அதற்கு வைக்கும் பெயர் பூஞ்சையை மட்டுமே சேரும். கல்யாணமான புதிதில் இந்த அதிசயத்தை அவர் மனைவிக்கு விளக்கியபோது, "இதுல என்ன அதிசயம்?" என்று கேட்டுவிட்டு அவர் அடுப்பைப் பார்க்கப் போய்விட்டார்.

அந்தப் பெயர்தான் லென்ஸின் வியாதி. யாராவது ஒருவர், எங்காவது ஒரு மூலையில், ஒரு லைக்கனுக்கு இவர் பெயரை வைக்க வேண்டும். வேறு ஆசை அவருக்குக் கிடையாது. தனக்குத்தானே வைத்துக்கொள்ளலாம், சட்டத்தில் தடை இல்லை. ஆனால் அப்படிச் செய்தவரைத் துறையே கூடி நின்று சிரிக்கும். இன்னொருவர் மனது வைத்தால்தான் உண்டு. அதற்காக அவர் ஊர் உலகத்து நிபுணர்களுக்கெல்லாம் மாதிரிகளை உறையிலிட்டு அனுப்பினார். அவர்களின் சந்தேகங்களைத் தீர்த்தார். அவர்களுடைய தப்புகளை அவர்களுக்கே நோகாமல் திருத்தினார். பதிலுக்குக் கட்டுரைகளின் கடைசிப் பக்கத்தில் நன்றி வந்தது, தட்டச்சருக்கும் ஓட்டுநருக்கும் நடுவில்.

சகலைக்கோ பெயர் ஏற்கெனவே கிடைத்துவிட்டது. அவர் அதே அலுவலகத்தில் வேறு பிரிவில் இருந்தார். மனைவியின் தங்கையை அவருக்குப் பேசி முடித்ததே லென்ஸ்தான். "நம்ம ஆபீஸ் பையன்தான் மாமா, வாயே திறக்கமாட்டான்" என்று மாமனாரிடம் சிபாரிசு செய்தார். கல்யாணத்துக்கு அடுத்த வாரம் திறந்த வாய், இன்றுவரை மூடவில்லை. அலுவலகத்தில் அவருக்கு மைக் என்று பெயர். ஒரு முறை வெளிநாட்டு நிபுணர் ஒருவர் வந்தபோது சகலை அவரைக் காரில் ஊர் சுற்றிக் காட்டினார். ஊர் சுற்றிய இடத்தில் நிபுணர் ஒரு பாறை லைக்கனைக் கண்டு, கூட வந்த சகலையின் பெயரையே அதற்கு வைத்துவிட்டுப் போய்விட்டார். காருக்கு வழி சொன்னதற்கு வெகுமதி! செய்தித்தாளில் வந்த சகலையின் படத்தை மாமனார் சட்டம் போட்டுக் கூடத்தில் மாட்டினார். மூத்த மாப்பிள்ளை அந்த வீட்டுக்குப் போகும்போதெல்லாம் அதற்கு முதுகைக் காட்டுகிற நாற்காலியில்தான் உட்காருவார்.

இப்போது இது.

கண்டுபிடிப்பை அறிவிக்கச் சகலை தேநீர் இடைவேளையைத் தேர்ந்தெடுத்தார். பிஸ்கட் தீரும்வரை யாரும் எழுந்து போகமாட்டார்கள் என்பது அவருக்குத் தெரியும்.

"நண்பர்களே! ஆராய்ச்சின்னா காட்டுக்குப் போறாங்க, மலைக்குப் போறாங்க. நான் எங்க போனேன்? பார்க்கிங்குக்குப் போனேன்!" கைதட்டலுக்கு இடம் விட்டார். "தினமும் பாக்குற மரம். ஆனா பாத்தோமா?" என்று கேட்டபடி பார்வையைச் சுழற்றி, கடைசியில் லென்ஸின் மேல் நிறுத்தினார். "எங்க சகலைகூட அங்கதான் தினமும் வண்டிய நிறுத்துறாரு!"

எல்லோரும் சிரித்தார்கள். சகலையின் முகத்தில் கிண்டல் இல்லை, பாசம் வழிந்தது. கிண்டலாக இருந்திருந்தால் லென்ஸுக்கு வயிறு கொஞ்சம் குறைவாக எரிந்திருக்கும்.

இயக்குநர் எழுந்தார். எந்தப் பேச்சையும் "உலகத் தரம்" என்று ஆரம்பித்து "உலகத் தரம்" என்று முடிப்பவர், இடையில் வருவது பற்றி அவருக்கு அக்கறை கிடையாது. "உலகத் தரமான கண்டுபிடிப்பு. நடைமுறைப்படி நம்ம காப்பாளர் பாத்து சரின்னு சொன்னதும் கட்டுரைய அனுப்பிடலாம். திங்கட்கிழமை கூட்டத்துல சொல்லிடுங்க. உலகத் தரமா இருக்கணும்."

"பேரு என்ன சார் வச்சிருக்கீங்க?" என்றார் தட்டச்சர்.

சகலை உதட்டில் விரலை வைத்தார். "அச்சுல வர்ற வரைக்கும் ரகசியம். முன்னாடியே வெளிய விட்டா கண்ணு பட்டுடும்." சொல்லிவிட்டு இயக்குநரைப் பார்த்துச் சிரித்தார். பிறகு லென்ஸைப் பார்த்தும் சிரித்தார். லென்ஸ் முதல் சிரிப்பை மட்டும் கணக்கில் எடுத்துக்கொண்டார். இயக்குநர் ஓய்வு பெறப் போகிறார். அவர் பெயரை வைத்துவிட்டால் போகிற போக்கில் எதையாவது கொடுத்துவிட்டுப் போவார். ஜால்ரா! என் மரத்தில், என் ஆணிக்கு மேலே வளர்ந்த லைக்கனை வைத்தா ஜால்ரா?

அன்று சாயங்காலம் வீட்டில் மனைவி வழக்கத்துக்கு மாறாக லைக்கன் பற்றிப் பேச்செடுத்தார்.

"தங்கச்சி போன் பண்ணினா. நீங்கதான் பாத்துச் சொல்லணுமாமே?"

"அதுக்குள்ள சிபாரிசு வந்தாச்சா?"

"சிபாரிசு இல்லைங்க. நல்லா நிதானமா பாருங்க. எடுத்த எடுப்புல இல்லேன்னு சொல்லிடாதீங்க."

"உன் தங்கச்சி புருஷனுக்காக மரம் பொய் சொல்லுமா?"

"ஐயோ, அவருக்காக இல்லைங்க..." என்று ஆரம்பித்த மனைவி, நாக்கைக் கடித்துக்கொண்டார். "உங்களுக்காகத்தான் சொல்றேன்."

"எனக்காக யாரும் எதுவும் சொல்ல வேண்டாம். என்ன பேருன்னு உன் தங்கச்சி சொன்னாளா?"

"எனக்கு எப்படித் தெரியும்?" என்று மனைவி எழுந்து உள்ளே போனார். பொய் சொல்லும்போது அவர் எப்போதும் எழுந்து உள்ளே போய்விடுவார். இத்தனை வருஷத்தில் இந்த அடையாளத்தை லென்ஸ் குறித்து வைத்துக்கொள்ளவில்லை. அவருடைய கூர்மையெல்லாம் மரப்பட்டையோடு சரி.

மறுநாள் சகலையின் மாதிரி அவர் மேசைக்கு வந்தது. பட்டையோடு சீவி எடுத்த ஒரு துண்டும், கூடவே கட்டுரையும். பெயர் வர வேண்டிய இடத்தில் புள்ளிகள் வரிசையாக நின்றன.

சகலையின் வாதம் இதுதான். எல்லா ஊரிலும் எல்லா மரத்திலும் கிடைக்கிற சாதாரண லைக்கன் ஒன்று உண்டு. அலுவலகத்தில் அதைப் பொடியோரம் என்பார்கள். இலை மாதிரி விரியும் அதன் மடல்களின் ஓரம் முழுக்க வெள்ளைப் பொடி பூத்திருக்கும், அவசரத்தில் பவுடர் பூசிக்கொண்டு கிளம்பிய முகம் போல. புதியதும் பார்வைக்கு அதன் உடன்பிறப்பு. ஆனால் இதில் பொடி ஓரம் முழுக்க இல்லை, ஒவ்வொரு மடலின் நுனியிலும் மட்டும் குவிந்து மீசை மாதிரி நிற்கிறது. புரட்டினால் பொடியோரத்தின் அடிப்பக்கம் முழுக்கக் கறுப்பு. இதில் கறுப்பைச் சுற்றி ஒரு பழுப்புக் கரை ஓடுகிறது. மூன்றாவதுதான் முக்கியம். மேல்தோலைப் பிளேடால் சுரண்டி, உள்ளே இருக்கும் வெள்ளைச் சதையில் ஒரு சொட்டு ப்ளீச் விட்டால், பொடியோரம் வெள்ளையாகவே கிடக்கும். இது சிவக்கும்.

லென்ஸ் முதல் இரண்டையும் பார்த்தார். பொடி மீசை மாதிரிதான் இருந்தது. 'மழை அடித்து ஓரப் பொடி கரைந்திருக்கலாம்' என்று சொல்லிக்கொண்டார். பழுப்புக் கரையும் இருந்தது. 'இளசாக இருக்கும்.' பொறாமைக்காரனுக்கு விஞ்ஞான அறிவும் இருந்துவிட்டால் காரணங்களுக்குப் பஞ்சமே வராது.

மிச்சம் இருந்தது அந்தச் சொட்டு.

ப்ளீச்சில் ஒரு சங்கடம் உண்டு. திறந்து பல மாதம் கிடந்தால் அதன் வீரியம் போய்விடும், பாட்டிலில் தண்ணீர் இருப்பதற்குச் சமம். ஆகவே, சிவக்கும் என்று நிச்சயமாகத் தெரிந்த பழைய மாதிரி ஒன்றில் முதலில் ஒரு சொட்டு விட்டுப் பார்க்க வேண்டும். அது சிவந்தால்தான் புதியதில் விட வேண்டும். பயிற்சிக்கு வருகிற ஒவ்வொருவருக்கும் லென்ஸ் முதல் நாளே ஓதுகிற மந்திரம் இது. அவர் கையாலேயே எழுதி, சோதனை மேசைக்கு மேலே சுவரில் ஒட்டியும் வைத்திருக்கிறார்.

அன்று அந்த எழுத்துக்கு நேர் கீழே உட்கார்ந்துகொண்டு, பாட்டிலைத் திறந்து, நேராகச் சகலையின் மாதிரியில் சொட்டை விட்டார். மறந்துவிட்டார் என்று சொல்ல முடியாது. தோன்றவே இல்லை. பதிலை முன்னதாகவே முடிவு செய்தாயிற்று, கேள்வி வெறும் சடங்கு.

பூதக்கண்ணாடியை விரித்துப் பிடித்துக் குனிந்தார். வெள்ளை. இன்னொரு சொட்டு. வெள்ளை. பால் மாதிரி, பஞ்சு மாதிரி, புது வேட்டி மாதிரி வெள்ளை! அவருக்கு உள்ளே ஜில்லென்று ஏதோ இறங்கியது. அறிக்கையை அவரே தட்டச்சு செய்தார். "மாதிரி பொடியோரமே என்பதில் ஐயமில்லை" என்று அடித்துவிட்டு, "ஐயமில்லை"க்கு முன்னால் "எள்ளளவும்" என்று சேர்த்தார். படித்துப் பார்த்தார். நன்றாக இருந்தது.

திங்கட்கிழமைக் கூட்டத்தில் அவர் எழுந்தபோது சகலை முன் வரிசையில் புதுச் சட்டையில் உட்கார்ந்திருந்தார்.

"சிவக்கலை" என்றார் லென்ஸ்.

சகலை முதலில் சிரித்தார். பிறகு, "என்ன சகலை சொல்றீங்க? நான் பல தடவ பாத்தேன். சிவந்துச்சே!"

"கண்ணுக்கு ஆசை வந்துட்டா எல்லாமே சிவப்பாத்தான் தெரியும்."

அறை குலுங்கச் சிரித்தது. பிஸ்கட்டுக்கு இத்தனை நாளாகக் கொடுத்த கைதட்டல்களுக்குக் கூட்டம் அன்று பழி தீர்த்துக்கொண்டது. இயக்குநர் இது உலகத் தரம் ஆகாது என்றார். லென்ஸ் சண்டைக்குத் தயாராக நின்றார். ஏழெட்டுக் கேள்விகளுக்குப் பதில் மனப்பாடம் செய்து வைத்திருந்தார். ஆனால் சகலை மெதுவாகச் சொன்னார்: "நீங்க பாத்து இல்லேன்னா, இல்லதான். இந்தக் கட்டடத்துல உங்க கண்ணை விடவா என் கண்ணு?"

சொல்லிவிட்டு உட்கார்ந்தார். மேசையில் மைக் இருந்தது. அவர் அதைத் தொடவே இல்லை.

வீட்டுக்கு வண்டி ஓட்டிக்கொண்டு போகும்போது, ஜெயித்த மாதிரியே இல்லையே என்று லென்ஸுக்கு ஒரு குறை இருந்தது. கதவைத் திறந்த மனைவி உள்ளே விடாமல் வாசலை மறித்துக்கொண்டு நின்றார்.

"இல்லேன்னு சொல்லிட்டீங்களாமே?"

"நான் சொல்லலை. விஞ்ஞானம் சொல்லிச்சு."

"விஞ்ஞானத்துக்கு உங்க பேரு புடிக்கலையா?"

லென்ஸுக்குப் புரியவில்லை.

"உங்க பேருங்க! உங்க பேரத்தான் வச்சிருந்தாரு. அன்னிக்கே தங்கச்சி சொன்னா. அச்சுல வர்ற வரைக்கும் மூச்சு விடக் கூடாதுன்னு சத்தியம் வேற வாங்கிட்டா. அதனாலதான நிதானமா பாருங்க, நிதானமா பாருங்கன்னு தலபாடா அடிச்சுக்கிட்டேன்! வாழ்க்கைல ஒரு தடவ என் பேச்சக் கேட்டீங்களா?"

லென்ஸ் செருப்பைக் கழற்றாமல் போய் நாற்காலியில் உட்கார்ந்தார். எத்தனை வருஷத்து ஆசை! வாசல் வரை வந்ததை அவரே கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளியிருக்கிறார், எள்ளளவும் ஐயமில்லாமல்.

"ஏன்... என் பேரு?" என்றார், குரல் எங்கோ கிணற்றுக்குள்ளிருந்து வந்தது.

மனைவி உள்ளே போகவில்லை. ஆகவே சொன்னது உண்மையாகத்தான் இருக்க வேண்டும். "'எனக்கு வெளிநாட்டுக்காரன் வச்சிட்டுப் போயிட்டான். சகலைக்கு யாருமே வைக்கலை, பாவம்'னு சொன்னாராம்."

அந்தப் 'பாவம்' லென்ஸின் தொண்டையில் மீன் முள்ளாக நின்றது. பெயர் கிடைக்காததைவிட, யார் கையால் கிடைக்கவிருந்தது என்பதுதான் அதிகம் வலித்தது. அவன் வைப்பானாம், எனக்கு! பாவமாம்! ஆனாலும் அடுத்த கணமே இன்னொரு குரல் கேட்டது: வைத்திருந்தால் வைத்ததுதானே? அச்சில் ஏறிய பிறகு பாவம் என்பதெல்லாம் யாருக்குத் தெரியும்?

மறுநாள் காலை முதல் ஆளாக அலுவலகத்துக்குப் போனார். சகலையின் மாதிரியை எடுத்துப் போட்டு உட்கார்ந்தார். சிவந்துவிடேன், சிவந்துவிடேன் என்று மனது கெஞ்சியது. அந்தக் கெஞ்சல் கேட்டதும் அவருக்கே பயம் வந்துவிட்டது. கண்ணுக்கு ஆசை வந்துவிட்டது. இன்று எது தெரிந்தாலும் நம்ப முடியாது. அப்போதுதான் தலையை நிமிர்த்திச் சுவரில் இருந்த தன் எழுத்தைப் பார்த்தார்.

சிவக்கும் என்று உலகமே ஒப்புக்கொண்ட பழைய மாதிரி ஒன்றை எடுத்துவந்து சுரண்டிச் சொட்டு விட்டார். அது வெள்ளையாகவே கிடந்தது.

பாட்டிலை முகர்ந்து பார்த்தார். வாசனையே இல்லை. எதிர்க்கடைக்கு ஓடிப் போய்ப் புது பாட்டில் வாங்கிவந்தார். பழைய மாதிரி சிவந்தது. சகலையின் மாதிரியில் ஒரு சொட்டு. அறை வாங்கிய கன்னம் போலச் சிவப்பு ஒரு கணம் குபீரென்று ஏறி, மங்கிப் போனது.

அதற்குள் மனைவியின் தங்கை ரகசியத்தை உடைத்துவிட்டிருந்தார். இனிமேல் அதைக் காப்பாற்றி என்ன பயன்? தேநீர் நேரத்தில் தட்டச்சர் துக்கம் விசாரிக்கிற முகத்தோடு வந்தார். "சொந்தப் பேருன்னு தெரியாமலே நேர்மையா இல்லேன்னு சொன்னீங்களே சார், எவ்வளவு பெரிய மனசு!" ஓட்டுநரும் வந்து கையைப் பிடித்துக் குலுக்கினார். லென்ஸ் கையிலிருந்த பிஸ்கட்டைத் தட்டிலேயே வைத்தார். இப்போது எழுந்து "சிவக்கிறது" என்று சொன்னால்? நேற்றுவரை சிவக்காதது பெயர் தெரிந்ததும் சிவந்துவிட்டதா என்று கேட்பார்கள். அவரே கேட்டிருப்பார், முதல் ஆளாக. சொல்லாமல் விட்டால் ஊரில் நல்ல பெயர், ஆனால் லைக்கன் பொடியோரமாகவே செத்துப் போகும். அதோடு இன்னொன்று. என்றாவது ஒருநாள் வேறு யாராவது புது ப்ளீச்சோடு அந்த மரத்தடிக்கு வருவார்கள்.

மத்தியானம் சகலையைக் கூப்பிட்டுக்கொண்டு மரத்தடிக்குப் போனார். இருவரும் ஸ்கூட்டருக்கும் மரத்துக்கும் நடுவே குந்தி உட்கார்ந்தார்கள்.

"பஞ்சரா சார்?" என்று வாயிற்காவலர் தூரத்திலிருந்து கேட்டார்.

"ஆமாம்" என்றார் லென்ஸ்.

பட்டையில் ஒரு மடலைச் சுரண்டி, இங்க் ஃபில்லரால் ஒரு சொட்டு விட்டார். சிவந்தது. சகலை கத்தவில்லை, கையைத் தட்டவில்லை. வெறுமனே லென்ஸின் முகத்தைப் பார்த்தார்.

"பழைய ப்ளீச்" என்றார் லென்ஸ். "தெரிஞ்சதுல போட்டுப் பாக்காம உங்களோடதுல போட்டுட்டேன்."

"நீங்களா?" சகலையால் நம்ப முடியவில்லை. "சுவத்துல எழுதி ஒட்டின நீங்களா?"

"நானேதான். சுவத்துல இருந்தா போதுமா? அடுத்த திங்கட்கிழமைக் கூட்டத்துல சொல்லிடறேன். ஆனா ஒரு நிபந்தனை." லென்ஸ் தொண்டையைச் செருமினார். "என் பேரு வேண்டாம். மாத்திடுங்க. இல்லேன்னா பேருக்காகப் பல்டி அடிச்சேன்னு ஆயிடும்."

சொல்லிவிட்டுக் காத்திருந்தார். இந்த இடத்தில் சகலை என்ன சொல்வார் என்பதை அவர் காலையிலிருந்து மனதுக்குள் ஒத்திகை பார்த்திருந்தார். 'அதெப்படி சகலை! யாரு என்ன சொன்னா என்ன? உங்க பேரு இல்லேன்னா எனக்கு இந்த லைக்கனே வேண்டாம்!' என்று சகலை கொதிப்பார். தான் மறுப்பார். சகலை கையைப் பிடித்துக்கொண்டு கெஞ்சுவார். கடைசியில், மிகக் கடைசியில், வேறு வழியில்லாமல்...

"அதுவும் சரிதான்" என்றார் சகலை. "அப்ப மாமா பேரை வச்சிடறேன்."

லென்ஸ் ஃபில்லரை அழுத்திவிட்டார். மிச்சமிருந்த ப்ளீச் அவருடைய பேண்டில் வடிந்து, முழங்காலில் ஒரு வெள்ளை வட்டம் போட்டது.

"எந்த மாமா?"

"நம்ம மாமனார்தான். ரொம்ப நாளா, 'என் பேரை எதுக்காவது வைங்க மாப்பிள்ளை'ன்னு கேட்டுக்கிட்டே இருக்காரு. நீங்களே வேண்டாம்னு சொன்னதும் நல்லதாப் போச்சு!" சகலை எழுந்து லென்ஸின் தோளைத் தட்டினார். "உங்க மனசு யாருக்கும் வராது சகலை."

கூட்டத்தில் லென்ஸ் ப்ளீச் விஷயத்தைச் சொன்னார். தன் பெயரை மறுத்ததையும் சொன்னார். அதற்குக் கைதட்டல் கிடைத்தது, இயக்குநர் உலகத் தரமான நேர்மை என்றார். மறுநாள் சோதனை மேசைக்குப் போனால், செத்துப்போன அந்தப் பழைய பாட்டிலைத் தூக்கி எறியாமல், எச்சரிக்கைக்காக என்று யாரோ அலமாரிமேல் வைத்திருந்தார்கள். அதில் ஒட்டியிருந்த சீட்டில் அவர் பெயர் இருந்தது. பட்டப் பெயர் இல்லை, பெற்றோர் வைத்த முழுப் பெயர்.

கட்டுரை அச்சில் வந்த பிறகு மாமனார் எல்லோரையும் சாப்பிடக் கூப்பிட்டார். கூடத்தில் செய்தித்தாள் படத்துக்குப் பக்கத்தில் புதிதாக ஒன்று மாட்டியிருந்தது. அகலமான சட்டத்துக்குள் லைக்கனின் வண்ணப் படம், கீழே தங்க எழுத்தில் மாமனாரின் பெயர். லென்ஸின் வழக்கமான நாற்காலியை யாரோ இடம் மாற்றிப் போட்டிருந்தார்கள். இப்போது இரண்டு படங்களும் நேர் எதிரே தெரிந்தன.

மாமனார் பக்கத்து வீட்டுக்காரரைப் படத்தின் முன்னால் நிறுத்தி விளக்கிக்கொண்டிருந்தார். "உலகத்துலயே ஒரே ஒரு மரத்துலதான் இருக்கு. என் பேரு! சின்ன மாப்பிள்ளை கண்டுபிடிச்சது. தினமும் நாம பாக்குற மரம்தான், ஆனா பாக்கணுமே!" பிறகு திரும்பி, "நீங்க முதல்ல இல்லேன்னு சொன்னவர்தானே மாப்பிள்ளை?" என்றார், மூத்தவரைப் பார்த்து, மிகவும் மரியாதையாக.

"ஆமாம் மாமா."

"பரவாயில்லை, எல்லாருக்கும் எல்லாம் தெரியுமா?"

சகலை பெருந்தன்மையோடு கண்ணை மூடித் திறந்தார். மனைவி லென்ஸின் முதுகில் கையை வைத்தார். லென்ஸ் எங்கே பார்ப்பது என்று தெரியாமல் எழுந்து படத்தின் அருகே போனார். கை பழக்கத்தில் கழுத்துக் கயிற்றைப் பிடித்தது. கண்ணாடியை விரித்துக் குனிந்தார்.

நிமிர்ந்தார். மறுபடி குனிந்தார்.

பொடி மடல்களின் நுனியில் குவிந்திருக்கவில்லை. மீசை இல்லை. ஓரம் முழுக்க, ஒரு மடல் பாக்கியில்லாமல், வெள்ளையாகப் பூத்திருந்தது, அவசரத்தில் பவுடர் பூசிக்கொண்டு கிளம்பிய முகம் போல. கட்டுரையில் சரியான படம்தான் வந்திருந்தது. இது சட்டத்துக்காகச் சகலை அவசரமாகப் போய் எடுத்தது. மரத்தின் மறுபக்கத்தில் வளர்ந்திருந்ததை எடுத்திருக்கிறார். தங்க எழுத்துக்கு மேலே, கண்ணாடிக்குள், ஜம்மென்று வீற்றிருந்தது பொடியோரம். எல்லா ஊரிலும் எல்லா மரத்திலும் கிடைக்கிற, சாதாரணப் பொடியோரம்.

"என்ன மாப்பிள்ளை, அப்படிப் பாக்குறீங்க? ஏதாவது தப்பா?" என்றார் மாமனார்.

சகலையும் அவரைப் பார்த்தார். இந்தக் கட்டடத்தில் அந்தக் கண்ணுக்கு மேல் கண் இல்லை.

லென்ஸ் கண்ணாடியை மடக்கிச் சட்டைக்குள் போட்டுக்கொண்டார். பல மாதங்களாக அவர் முகத்தில் இல்லாத ஒரு வெளிச்சம் இப்போது இருந்தது.

"படம் பிரமாதம் மாமா. இவ்வளவு சின்னதா எதுக்கு? இன்னும் பெரிசாப் போட்டு, வாசலுக்கு நேரா மாட்டுங்க. வர்றவங்க எல்லாரும் பாக்கட்டும்."

அன்று அவர் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.